அரை மணித்தியாலமும் அப்ப மாவும்

(எங்கள் வாசிகசாலை ஆண்டு விழாவில் பேசியது. மேடையில் விட்டுப்போன இரண்டொரு வரியை இங்கே சேர்த்திருக்கிறேன்.)

விழாத் தலைவர் அவர்களே, எத்தனையோ வேலைகளுக்கு நடுவில் வந்திருக்கும் பிரதேச செயலக உத்தியோகத்தர் அவர்களே, குருக்கள் ஐயா அவர்களே, பங்குத்தந்தை அவர்களே, என்னிடம் கணக்குப் படித்த முன்வரிசைப் பிள்ளைகளே, படிக்காமல் ஓடி ஒளித்தும் என்னைவிட நன்றாக இருக்கிற பின்வரிசைப் பிள்ளைகளே, எல்லாருக்கும் வணக்கம். அதிபர் அவர்களைச் சொல்லாமல் விட்டுவிட்டேன். இந்த ஒலிவாங்கியே அவருடைய பாடசாலையிலிருந்து வந்தது, மன்னிக்க வேண்டும். கதிரை தந்த தேநீர்க்கடைக்காரருக்கும் நன்றி. நாற்பது கதிரை தந்தார், முப்பத்தெட்டு நிற்கிறது. மிச்சம் இரண்டையும் விழாக் குழு தேடட்டும்.

எங்கள் பெடியள் கொண்டுவந்த கையெழுத்துச் சஞ்சிகையில் ஒரு கதை. கற்பனை ஊரொன்றில் கைவினைஞர் குழாம் ஒன்று. அவர்கள் மணிக்கூட்டுப் பெட்டிக்குள் உயிருள்ள பூஞ்சணத்தை வளர்க்கிறார்கள். தினமும் அரிசி கழுவின தண்ணீர் வார்க்கிறார்கள். இழைகள் பற்சக்கரங்களைச் சுற்றிப் படர்ந்ததும் அந்த வீட்டில் நேரம் வளைகிறது. சாகக் கிடக்கிற கிழவிக்கு ஒரு மணித்தியாலம் நீள்கிறது, பரீட்சைப் பிள்ளைக்கு ஒரு இரவு இரண்டாகிறது. வாசித்துவிட்டு மூன்று விடயம் பேசலாம் என்று குறித்துக்கொண்டு வந்தேன். பூஞ்சணம் என்ன சாமான், நேரம் உண்மையில் வளையுமா, அந்தக் குழாத்தில் ஒரு பெண்கூட இல்லாதது ஏன். என்னுடைய அப்பு அடிக்கடி சொல்லுவார், பதறாத காரியம் சிதறாது என்று. ஆறுதலாகப் போவோம்.

மழைக்குப் பிறகு புற்றில் முளைக்கிற காளானைப் பார்த்திருப்பீர்கள். அது பூஞ்சணத்தின் பூ மாதிரித்தான். மரம் நிலத்துக்குக் கீழே இழை இழையாக ஓடிக்கொண்டிருக்கும். அந்த இழையைக் கறையான் புற்றுக்குள் தோட்டம் செய்து வளர்க்கிறது. அமெரிக்காவில் ஓரிகன் காட்டில் ஒரே பூஞ்சணம் 9 சதுர கிலோமீற்றருக்கு மேல் மண்ணுக்குள் படர்ந்திருக்கிறது. அதன் வயதை ஆயிரக்கணக்கான ஆண்டுகளில் கணக்கிடுகிறார்கள். அப்புறம், நேரம். ஐன்ஸ்டைன் 1915இலேயே எழுதிவைத்துவிட்டார். உங்கள் கைபேசிக்கு வழி காட்டுகிற செய்மதியின் மணிக்கூடு, நிலத்தில் உள்ளதைவிட நாளொன்றுக்கு ஒரு செக்கனின் பத்து இலட்சத்தில் 38 பங்கு வேகமாக ஓடுகிறது. அதைத் திருத்தாமல் விட்டால் ஒரே நாளில் சுமார் 10 கிலோமீற்றர் பிழைக்கும், நல்லூருக்கு வெளிக்கிட்டவர் சுன்னாகத்தில் நிற்பார். ஆகவே நேரம் வளையும். சரி, அது விஞ்ஞானம்.

ஆனால் எங்களுக்கு நேரம் வளைவதை ஐன்ஸ்டைனா சொல்லித்தர வேண்டும்? 1996 மே மாதம் மின்சாரம் மிச்சம் பிடிக்க அரசாங்கம் கடிகாரத்தை ஒரு மணித்தியாலம் முன்னுக்குத் தள்ளியது. ஒக்டோபரில் அரை மணித்தியாலத்தைத் திருப்பித் தந்தது. மற்ற அரை 2006 சித்திரையில்தான் வந்தது. புலிகளின் கட்டுப்பாட்டில் இருந்த வன்னியில் அதுவரை பழைய நேரம். சாவீட்டுக்குப் போனாலும் முதல் கேள்வி, பழைய நேரமா புதிய நேரமா?

2003இல் கிளிநொச்சியில் மச்சாளுடைய கலியாணம். போர்நிறுத்தம் வந்து பாதை திறந்து ஒரு வருடம். மாமி ஒரே பிடிவாதம், மாப்பிள்ளை வீட்டாருக்கு நான்தான் அப்பம் சுட்டுப் போடுவேன் என்று. மாவுக்கு எங்கள் ஊர்ப் பனங்கள்தான் வேண்டுமாம், வேறு கள்ளுக்கு மா பொங்காதாம். விடியப்புறம் அரிசி மாவில் கள் விட்டுக் குழைத்து, அலுமினிய வாளியில் ஊற்றி, வெள்ளைத் துணியால் வாய் கட்டி, மடியில் வைத்துக்கொண்டு வானில் ஏறினார். பின்னேரம் நாலு மணிக்கு மா பதமாகும் என்பது அவர் கணக்கு. முகமாலையில் வரிசை, இந்தப் பக்கம் இராணுவச் சோதனை, மற்றப் பக்கம் புலிகளின் சோதனை. வெயிலென்றால் மண்டை பிளக்கிற வெயில். பையெல்லாம் கொட்டிப் பார்க்கிறார்கள். மாமி பத்து நிமிடத்துக்கு ஒருக்கால் துணியைத் தொட்டுப் பார்த்து, “ஐயோ எழும்புது, எழும்புது” என்கிறார். நான் அப்புவின் பழமொழியைச் சொன்னேன், பதறாத காரியம் சிதறாது மாமி என்று. அவர் என்னைப் பார்த்த பார்வையை இந்த மேடையில் செய்துகாட்ட ஏலாது. எங்கள் முறை வந்தது. சிப்பாய் வாளியைக் காட்டி ஏதோ கேட்டான். மாமி முடிச்சை அவிழ்த்தார், அவ்வளவுதான். மா நுரைத்துப் பொங்கி அவனுடைய பதிவுக் கொப்பியில் வழிந்துவிட்டது. எங்களுக்கு உயிர் போய் வந்தது. அவன் குனிந்து மணந்து பார்த்து, “ஆப்ப?” என்றான். “ஓம் ஓம், அப்பம்” என்றார் மாமி. சிரித்துவிட்டு விட்டுவிட்டான். மற்றப் பக்கம் போனதும் அங்கே நின்ற பெடியன், “அம்மா, மணிக்கூட்டை அரை மணித்தியாலம் பின்னுக்கு வையுங்கோ” என்றான். மாமி வாளியை அவனுக்கு முன்னால் வைத்துக் கேட்டார்: “தம்பி, நீங்கள் நேரத்தைப் பின்னுக்குத் தள்ளினால் என்ரை மா புளிச்சது குறையுமே?”

அன்றைக்கு மத்தியானமே அப்பம் சுட்டோம். கொழும்பு நேரம், வன்னி நேரம் இரண்டுமே மனிதர் வைத்தது. கள்ளுக்குள் இருக்கிற மதுவம் (ஈஸ்ட்), அதுவும் பூஞ்சண இனம்தான், தன் நேரத்தில் தன் வேலையைப் பார்த்தது.

இப்போது பெடியளிடம் கேட்கிறேன். குழாத்தைத் தேடிக் கற்பனை ஊருக்கு ஏன் போனீர்கள்? பாளை சீவுகிற தொழிலாளி முட்டிக்குள் சுண்ணாம்பு தடவிக் கட்டினால் மதுவம் வேலை செய்ய ஏலாது, கருப்பநீர் இனிப்பாகவே நிற்கும், காய்ச்சினால் பனங்கட்டி. தடவாமல் கட்டினால் அதே மரம், அதே பாளை, சில மணித்தியாலத்தில் கள். நேரத்தை நிறுத்தவும் ஓடவிடவும் அவர் கையில் இருந்தது ஒரு விரல் சுண்ணாம்பு. அவருக்கு நாங்கள் என்ன செய்தோம்? அவர் இறக்கிய கள்ளில் அப்பம் சுட்டுச் சாப்பிட்டோம், அவர் தண்ணீர் கேட்டால் சிரட்டையில் வார்த்தோம். என் வீட்டிலும் வார்த்தார்கள், நான் பார்த்திருக்கிறேன்.

1978இல் பனை அபிவிருத்திச் சபை வந்தது. கைதடியில் ஆராய்ச்சி நிறுவனமும் இருக்கிறது. ஆராயட்டும், நல்லது. ஆனால் காலையும் மாலையும் மரத்தில் ஏறுவது யார்? எங்கள் ஊரில் ஏறுகிறவர்களில் எனக்குத் தெரிந்த எவரும் தன் மகனை ஏற விடவில்லை. விழுந்தால் இடுப்பு முறியும், முறிந்தால் வருமானம் இல்லை. எந்தத் தகப்பன் விடுவான்? ஆகவேதான் நான் எந்த மேடையில் ஏறினாலும் இதையே கேட்கிறேன். வாசிகசாலைக்குப் பின்னால் இரண்டு பரப்புக் காணி சும்மா கிடக்கிறது. அங்கே ஒரு கொட்டில், இடுப்புப் பட்டி, ஏறுகிறவருக்குக் காப்புறுதி, பழக்கிவிடுகிற முதியவருக்கு மாதச் சம்பளம். உத்தியோகத்தர் அவர்கள் குறித்துக்கொள்கிறார், நன்றி ஐயா. இல்லை, கைபேசி பார்க்கிறார். பரவாயில்லை. பதறாத காரியம் சிதறாது, ஆனால் இதைப் பதினொரு வருடமாகப் பதறாமல் கேட்டுக்கொண்டிருக்கிறேன்.

தலைவர் மணி அடித்துவிட்டார். பெண்கள் பற்றிய மூன்றாவது விடயத்தை அடுத்த வருடம் கூப்பிட்டால் சொல்கிறேன், கூப்பிடாவிட்டால் மாமியிடம் கேளுங்கள். மனு வாசலில் மேசைமேல் இருக்கிறது. கையெழுத்துப் போடுகிறவர்கள் பேனையை அங்கேயே வைத்துவிட்டுப் போங்கள், அது என்னுடையது.