கன்ட்ரி இசையை வாழவைப்பது பாடலாசிரியரே! – பட்டிமன்ற உரை

நடுவர் அவர்களே, எதிரணி நண்பர்களே, வந்து அமர்ந்திருக்கும் பெரியோர்களே, தாய்மார்களே, எல்லோருக்கும் வணக்கம்.

அமெரிக்கக் கிராமப்புறத்தில் வேர்விட்ட கன்ட்ரி இசையை வாழவைப்பவர் பாடலாசிரியரா, ரெக்கார்டு கம்பெனியா என்பது இன்றைய தலைப்பு. எனக்கு முன்னால் பேசிய எதிரணி நண்பர் அருமையாகப் பேசினார். கம்பெனிக்காரன் இயந்திரத்தைத் தூக்கிக்கொண்டு மலைநாட்டுக்குப் போகாமல் இருந்திருந்தால் அந்தப் பாட்டெல்லாம் மலையோடு போயிருக்கும் என்றார். நல்ல குரலைத் தேடிப்பிடித்து ஆளாக்குவது கம்பெனிதான் என்றார். நட்டம் வந்தால் தாங்குவதும் அதுதான் என்று முடித்தார். கைதட்டலும் வாங்கினார். நானும் தட்டினேன், ஏனென்றால் அவர் சொன்னதில் பாதி உண்மை.

மீதிப் பாதிக்கு வருவதற்கு முன் ஒரு சொல்லைத் தெளிவாக்கிக்கொள்வோம். நம்மூரில் பாடலாசிரியர் என்றால் வரி எழுதுபவர், மெட்டு இசையமைப்பாளருடையது. கன்ட்ரி இசையின் தலைநகரான நாஷ்வில்லில் அப்படியில்லை. ஒரு கிடாரை மடியில் வைத்துக்கொண்டு வரியையும் மெட்டையும் சேர்த்தே பிறப்பிக்கிறவர்தான் அங்கே பாடலாசிரியர். பாடகர் வேறு ஒருவராக இருக்கலாம். இசைத்தட்டு போடுகிற கம்பெனி இன்னொன்று. பாட்டின் உரிமை வேறு, அதைப் பதிவு செய்த ஒலியின் உரிமை வேறு. இந்த இரண்டும் வேறு வேறு என்பதை மட்டும் மனத்தில் வைத்துக்கொள்ளுங்கள்.

சரி, மலைநாட்டுக்குப் போவோம்.

1927, ஜூலை மாதக் கடைசி. டென்னசிக்கும் வர்ஜீனியாவுக்கும் நடுவே எல்லைக்கோடு தெருவிலேயே ஓடுகிற பிரிஸ்டல் என்ற ஊர். விக்டர் என்ற ரெக்கார்டு கம்பெனிக்காக ரால்ஃப் பியர் என்பவர் ஒலிப்பதிவு இயந்திரத்தோடு வந்து இறங்குகிறார். தொப்பியும் கையுறையும் விற்ற ஒரு கட்டடத்தைப் பிடித்து, எதிரொலி வராமல் இருக்கப் போர்வைகளைத் தொங்கவிட்டு, ஆகஸ்டு 5 வரை ஏறக்குறைய இரண்டு வாரம் பதிவு செய்கிறார். கார்ட்டர் குடும்பம் என்ற பாட்டுக்குழு கிராமத்திலிருந்து வந்து பாடியது அங்கேதான். கிடார் வாசித்த மேபெல் அப்போது வயிற்றில் பிள்ளையோடு இருந்தார். பாடகர் ஜிம்மி ராட்ஜர்ஸ் முதன்முதலாகப் பதிவு செய்ததும் அங்கேதான். கன்ட்ரி இசை பிறந்த இடம் என்று இன்றைக்கும் அந்த ஊரைத்தான் சொல்கிறார்கள். கம்பெனி போனது, இயந்திரம் போனது. எதிரணி நண்பர் சொன்னது அத்தனையும் உண்மை.

ஆனால் நடுவர் அவர்களே, அந்த ரால்ஃப் பியர் விக்டர் கம்பெனியிடம் கூலியாக எதைக் கேட்டார் என்பதை நண்பர் சொல்லாமல் விட்டுவிட்டார். பியர் சம்பளம் கேட்கவில்லை. "எனக்குச் சம்பளம் வேண்டாம், நான் பதிவு செய்கிற பாட்டுகளின் பதிப்புரிமை என்னிடம் இருக்கட்டும், அது போதும்" என்பதுதான் அவர் பேசிக்கொண்ட ஒப்பந்தம். பாடியவர்களுக்கு ஒரு பாட்டுக்கு 50 டாலரும், விற்பனையில் ஒரு சிறு பங்கும். அடுத்த வருடமே சதர்ன் மியூசிக் என்று, பாட்டுகளின் உரிமையை வைத்துப் பணம் வசூலிக்கிற ஒரு பதிப்பு நிறுவனம் தொடங்கினார். பியர்மியூசிக் என்ற பெயரில் அது இன்றும் நடக்கிறது.

அந்தத் தொழிலிலேயே மிகக் கெட்டிக்காரரான மனிதர், கம்பெனிச் சம்பளம் ஒரு கையிலும் பாட்டு ஒரு கையிலும் இருந்தபோது, எதைப் பிடித்துக்கொண்டார்? பாட்டைப் பிடித்துக்கொண்டார். எங்கள் அணிக்கு முதல் சாட்சி எதிரணி கொண்டுவந்த அதே ஆள்தான்.

பழைய, எல்லோருக்கும் தெரிந்த பாட்டாக இருந்தால் உரிமை பதிவு செய்ய முடியாது. அதனால் பியர் எப்போதும் புதுப்பாட்டு கேட்டார். கார்ட்டர் குடும்பத்தின் தலைவர் ஏ.பி. கார்ட்டர் மலைகளில் ஊர் ஊராக அலைந்து பாட்டு தேடினார். அவரோடு போனவர் லெஸ்லி ரிடில் என்ற கறுப்பின கிடார் கலைஞர். சிமென்ட் ஆலை விபத்தில் ஒரு காலை இழந்தவர். ஒரு வீட்டுத் திண்ணையில் யாரோ ஒரு பாட்டி பாடுவார். ஏ.பி. வரிகளைத் தாளில் எழுதிக்கொள்வார். ரிடில் மெட்டைக் காதில் வாங்கி நெஞ்சில் வைத்துக்கொள்வார். வீட்டுக்கு வந்ததும் வாசித்துக் காட்டுவார். ஒலிப்பதிவு இயந்திரம் செய்ய வேண்டிய வேலையை ஒற்றைக்கால் மனிதர் ஒருவர் தன் நினைவால் செய்தார்.

நம் தாத்தா வீட்டுப் பழைய தட்டுகளில் கிராமபோன் குழாய்க்கு முன்னால் ஒரு நாய் உட்கார்ந்திருக்குமே, அதே நாய்ப்படம்தான் விக்டர் தட்டிலும். நடுவட்டத்தில் மேலே பெரிதாகக் கம்பெனியின் பெயர், நாய். கீழே பாட்டின் பெயர். அதற்கும் கீழே, அடைப்புக்குறிக்குள், கண்ணுக்கு எட்டாத சின்ன எழுத்தில் எழுதியவர் பெயர். கார்ட்டர் தட்டுகளில் அது ஏ.பி. கார்ட்டர். ரிடிலின் பெயர் அங்கே இல்லை. இதில் ஏ.பி.க்கும் பொறுப்பு உண்டு. என் அணிக்காரர் என்பதற்காக அதை மறைக்க மாட்டேன். ஆனால் பாட்டு எங்கிருந்து வந்தது என்று யாராவது கேட்டால், அந்தத் திண்ணையையும் அந்த மனிதரையும்தான் கை காட்ட வேண்டும்.

அடுத்தது, குரலை ஆளாக்குவது கம்பெனி என்ற வாதம். இதற்கு நான் ஒரே ஒரு பெண்ணின் கதையைச் சொல்கிறேன்.

பாட்ஸி க்ளைன். அந்தக் குரலைக் கேட்டவர்களுக்கு நான் எதுவும் சொல்ல வேண்டியதில்லை. 1954-ல் ஃபோர் ஸ்டார் என்ற கம்பெனியில் ஒப்பந்தம் போட்டார். அதில் ஒரு நிபந்தனை: ஃபோர் ஸ்டார் வசம் உரிமை உள்ள பாட்டுகளை மட்டுமே அவர் பாட வேண்டும். வெளியே எவ்வளவு நல்ல பாட்டு இருந்தாலும் தொடக் கூடாது. அந்தப் பதிவுகளை டெக்கா கம்பெனி வாங்கி வெளியிட்டது. தயாரிப்பாளர் ஓவன் பிராட்லி, நாஷ்வில்லின் மிகச் சிறந்த காதுகளில் ஒன்று. ஆக, குரல் இருந்தது. தயாரிப்பாளர் இருந்தார். நாடு முழுக்கத் தட்டை அனுப்ப டெக்கா இருந்தது. 50-க்கும் மேற்பட்ட பாட்டுகள் பதிவாயின. பெரிதாக ஓடியது 1957-ல் வந்த ஒரே ஒரு தட்டு. மற்றதெல்லாம் கிணற்றில் போட்ட கல்.

1960-ல் அந்த ஒப்பந்தம் முடிந்தது. அதே குரல், அதே பிராட்லி, அதே டெக்கா. மாறியது ஒன்றே ஒன்றுதான்: இனி எந்தப் பாட்டை வேண்டுமானாலும் எடுக்கலாம். ஹாங்க் காக்ரன், ஹார்லன் ஹவர்ட் என்ற இரண்டு பாடலாசிரியர்கள் சேர்ந்து எழுதிய "ஐ ஃபால் டு பீசஸ்" 1961-ல் கன்ட்ரி ஹிட் பாட்டுகளின் பட்டியலில் முதலிடத்துக்குப் போனது. அதே வருடம் வில்லி நெல்சன் எழுதிய "கிரேஸி". அதற்குப் பிறகு பாட்ஸி க்ளைனை மறந்தவர் இல்லை.

எதிரணி நண்பர்களே, கம்பெனிதான் பாடகியை ஆளாக்குகிறது என்றால், ஆறு வருடம் என்ன செய்துகொண்டிருந்தது? அடுப்பு இருந்தது, பாத்திரம் இருந்தது, சமைக்கத் தெரிந்தவரும் இருந்தார். அரிசி மட்டும் வெளியே பூட்டிக் கிடந்தது.

வில்லி நெல்சன் பெயரைச் சொன்னேன். அவரைப் பற்றிப் பேசும்போது எனக்குக் கொஞ்சம் நேரம் அதிகமாகவே தர வேண்டும், நடுவர் அவர்களே.

டெக்சஸில் குடும்பத்தோடு கஷ்டப்பட்டுக்கொண்டிருந்த காலம். "ஃபேமிலி பைபிள்" என்ற பாட்டை வெறும் 50 டாலருக்கு விற்றார். பாட்டைப் பாட அனுமதி கொடுத்ததல்ல, எழுதியவர் என்ற பெயரையே விற்றார். அது வெளிவந்து நன்றாக ஓடியது. ஆசிரியர் இடத்தில் வேறு மூன்று பேர். "நைட் லைஃப்" போனது 150 டாலருக்கு. வீட்டில் பிள்ளைகளுக்குப் பால் வாங்கக் காசில்லாதவனிடம் உரிமையைப் பற்றிப் பேசுவது எளிதல்ல. உழுதவன் கணக்குப் பார்த்தால் உழக்கும் மிஞ்சாது என்பார்களே, அப்படி.

பிறகு நாஷ்வில்லுக்கு வந்தார். அங்கே பேம்பர் மியூசிக் என்ற பாட்டுப் பதிப்பகத்தில் வேலை பார்த்துக்கொண்டிருந்தவர் அதே ஹாங்க் காக்ரன். வில்லியின் பாட்டுகளைக் கேட்டுவிட்டு முதலாளியிடம் போய், இவரை எடுத்துக்கொள்ளுங்கள் என்கிறார். பணம் இல்லை என்று பதில் வருகிறது. காக்ரனுக்கு வாரம் 50 டாலர் சம்பள உயர்வு வரவிருந்தது. "அதை எனக்குத் தர வேண்டாம், அவருக்குக் கொடுங்கள்" என்றார். அவருக்கும் குடும்பம் இருந்தது, நடுவர் அவர்களே. போட்டிக்கு வரப்போகிற இன்னொரு பாடலாசிரியனுக்குத் தன் சம்பள உயர்வை எடுத்துக் கொடுத்தார். இந்தக் கதையை எத்தனை தடவை சொன்னாலும் எனக்குத் தொண்டை அடைக்கிறது.

அந்தப் பதிப்பகத்தில் பாட்டு எழுதுகிற அறை ஒரு கார் கொட்டகை. ஒரு கதவு, ஒரு ஜன்னல், ஒரு கிடார். ஒரு நாள் இருவரும் எழுத உட்கார்ந்தபோது காக்ரனுக்குத் தொலைபேசி அழைப்பு வந்தது, எழுந்து போனார். தனியாக இருந்த வில்லி சுவரைப் பார்த்தார். சுவரோடு பேசத் தொடங்கினார். பிறகு ஜன்னலோடு, கூரையோடு. காக்ரன் பேசிவிட்டுத் திரும்புவதற்குள் "ஹலோ வால்ஸ்" முடிந்திருந்தது. அதை எடுத்துப் பாடியவர் ஃபாரன் யங். பாட்டையே 500 டாலருக்கு வாங்கிக்கொள்ளுங்கள் என்று வில்லி அவரிடம் கெஞ்சினார். யங் வாங்கவில்லை. "விற்காதே, இந்தா கடன்" என்று அந்தப் பணத்தைக் கையில் கொடுத்தார். 1961-ல் பாட்டு முதலிடத்தில் ஒன்பது வாரம் நின்றது. வந்த பணம் வில்லிக்கு வந்தது.

ஒரு கார் கொட்டகை, நான்கு சுவர், விட்டுக்கொடுக்கத் தெரிந்த இரண்டு மனிதர்கள். இதில் கம்பெனி எங்கே இருக்கிறது? கடைசியில், தட்டு அச்சடிக்கிற இடத்தில் இருக்கிறது. அது தேவையான வேலைதான். வாழவைக்கிற வேலை அதுவல்ல.

நட்டக் கணக்குக்கு வருகிறேன். சுருக்கமாகவே சொல்கிறேன், கணக்கே சிறியது. 1909-ல் அமெரிக்கச் சட்டம் ஒரு தட்டில் ஒரு பாட்டுக்கு, பாட்டின் உரிமைக்காரருக்குக் கம்பெனி தர வேண்டியது 2 சென்ட் என்று விதித்தது. 1978 பிறக்கும்வரை அதே 2 சென்ட். இரண்டு உலகப்போர் வந்து போனது, ரொட்டி விலை, வீட்டு வாடகை எல்லாம் ஏறியது. 2 சென்ட் அசையவில்லை. அதிலும் பாதி பதிப்பகத்துக்கு. அப்புறம், தானே எழுதித் தானே பாடுகிறவர்களிடம் கம்பெனிகள் ஒப்பந்தத்தில் இன்னொரு வரி சேர்த்தன: சட்டம் சொன்ன தொகையில் முக்கால் பங்குதான் தருவோம் என்று. பதிவுச் செலவும் முன்பணமும் பாடகரின் பங்கிலிருந்தே கழிக்கப்படும். கழித்து முடிந்த பிறகும் பதிவு கம்பெனியுடையது. கிணறு வெட்டிய கூலியை உன்னிடமே வாங்கிக்கொண்டு, கிணறும் எனக்கே என்பதற்கு நட்டம் தாங்குவது என்று பெயர் வைக்கலாமா?

1975-ல் வில்லி நெல்சன் கொலம்பியா கம்பெனியில் தன் இஷ்டப்படி பதிவு செய்யும் உரிமையோடு ஒரு ஆல்பம் கொடுத்தார். டெக்சஸில் கார்லண்ட் என்ற ஊரில், சில ஆயிரம் டாலர் செலவில், நான்கைந்து வாத்தியத்தோடு முடித்தது. "ரெட் ஹெடட் ஸ்ட்ரேஞ்சர்". கேட்ட கம்பெனிக்காரர்கள், இது வெறும் மாதிரிக்காகச் செய்த பதிவுதானே, முழுசாக எப்போது வரும் என்றார்கள். அது லட்சக்கணக்கில் விற்றது. அதிலிருந்து முதலிடத்துக்குப் போன "ப்ளூ ஐஸ் க்ரையிங் இன் த ரெயின்" பாட்டை எழுதிய ஃப்ரெட் ரோஸ் இறந்து அப்போது 20 வருடத்துக்கு மேல் ஆகியிருந்தது. நாஷ்வில்லில் அந்த மனிதர் போட்ட விதை, தட்டுகள் மாறி, கம்பெனிகள் மாறி, முளைத்துக்கொண்டே இருந்தது.

இது பழைய கதை என்பீர்கள். டெய்லர் ஸ்விஃப்ட் 14 வயதில் நாஷ்வில்லில் முதலில் பாடலாசிரியராகத்தான் ஒப்பந்தமானார். 2019-ல் அவருடைய முதல் ஆறு ஆல்பங்களின் பதிவுகளை அவருக்குத் தராமல் வேறு ஒருவருக்கு விற்றார்கள். பதிவு போனது, பாட்டு அவர் கையில் இருந்தது. அதனால் 2021 முதல் அதே பாட்டுகளைத் தானே மறுபடி பாடிப் பதிவு செய்தார். கடைசியில் 2025-ல் பழைய பதிவுகளையும் விலை கொடுத்து வாங்கிக்கொண்டார்.

மணி அடித்துவிட்டீர்கள். ஒரு நிமிடம் மட்டும் கொடுங்கள், தீர்ப்பு எழுதும்போது இந்தப் பெண்ணையும் நினைவில் வைத்துக்கொள்ள வேண்டும்.

டாலி பார்ட்டன். டென்னசி மலையில் ஏழைக் குடும்பத்தில், பன்னிரண்டு பிள்ளைகளில் ஒருவராகப் பிறந்தவர். தன்னை வளர்த்துவிட்ட பாடகர் போர்ட்டர் வேகனரை விட்டுப் பிரிகிறபோது, சண்டை போடாமல், விடைபெறும் பாட்டாக "ஐ வில் ஆல்வேஸ் லவ் யூ" எழுதினார். 1974-ல் அவர் குரலில் அது முதலிடம் போனது. எல்விஸ் பிரெஸ்லி அதைப் பாட விரும்பினார். எல்விஸ்! டாலிக்குத் தலைகால் புரியவில்லை. பதிவுக்கு முதல் நாள் எல்விஸின் மேலாளர் டாம் பார்க்கர் கூப்பிட்டு, பதிப்புரிமையில் பாதி எங்களுக்கு வேண்டும், அப்படித்தான் வழக்கம் என்றார். டாலி முடியாது என்றார். ராத்திரி முழுக்க அழுதார். ஆனால் மறுநாளும் முடியாது என்றே சொன்னார்.

1992-ல் விட்னி ஹூஸ்டன் அதைப் பாடினார். அமெரிக்கப் பட்டியலில் 14 வாரம் முதலிடம். முழு உரிமையும் எழுதியவர் பெட்டிக்குள் பத்திரமாக இருந்தது. வந்த பணத்தில் டாலி நாஷ்வில்லில், அப்போது கறுப்பின மக்கள் வாழ்ந்த பகுதியில், ஒரு கட்டடத் தொகுதி வாங்கினார். இது விட்னியின் மக்கள் இருக்கும் இடம், இங்கேதான் வாங்க வேண்டும் என்று முடிவு செய்தார். அதை விட்னி கட்டிய வீடு என்றுதான் இன்றும் சொல்கிறார்.