கெ யோவின் ஏழு பன்

நடுவர் அவர்களே, அவையோரே, வணக்கம். சீன நடிகர் கெ யோவை நிலைநிறுத்தியது சோகமா, நகைச்சுவையா என்பது தலைப்பு. நான் நகைச்சுவை அணி. எதிரணி நண்பர் ஒரே சீட்டை வைத்துக்கொண்டு முழு ஆட்டமும் ஆடினார்: 1994, பிரான்சின் கேன் திரைப்பட விழா, ‘டு லிவ்’ என்ற சோகப் படம், சிறந்த நடிகர் விருது. அதற்கு முன் எந்தச் சீன நடிகருக்கும் கிடைக்காத விருது, கைதட்டியே ஒப்புக்கொள்கிறேன். ஆனால் ஐயா, அந்தப் படம் சீனத் திரையரங்குகளுக்கு வரவே இல்லையே! ஊர் பார்க்காத படமா ஊரார் மனதில் அவரை உட்காரவைத்தது?

அப்பா கெ சுன்சுவாங் பேர்போன திரை வில்லன். மகனுக்கோ நடிப்புப் பள்ளிக் கதவு திறக்கவில்லை. கிராமத்தில் பன்றி வளர்த்தவர், 1979-ல் தொழிற்சங்கக் கலைக்குழுத் தேர்வில் பன்றிக்குத் தீனி போடுவதையே நடித்துக்காட்டி உள்ளே போனார்.

தொழிலைப் பாருங்கள். முகம் அசையாது, குரல் ஏறாது, பதில் வசனம் அரை மூச்சு தாமதமாக வரும். அந்த இடைவெளியில்தான் அரங்கு சிரிக்கும். சிரிக்கவைக்கப் பார்க்கிறான் என்று தெரிந்துவிட்டால் காட்சி படுத்துவிடும். இயக்குநர் ஃபெங் சியாவ்காங் 1997-ல் எடுத்த ‘ட்ரீம் ஃபேக்டரி’யில், ஒரு நாள் கனவை விற்கும் கம்பெனிக்கு வந்து, இரண்டாம் உலகப்போரின் அமெரிக்கத் தளபதி பேட்டனாக வேண்டும் என்கிறார் ஒரு புத்தக வியாபாரி. ரசீது போடுகிறவர் முகத்தோடு நிற்கிறார் கெ யோ. சீனாவில் புத்தாண்டுப் படம் என்ற வழக்கத்துக்கே பிள்ளையார் சுழி அந்தப் படம்தான்.

1993 தொலைக்காட்சித் தொடர் ஒன்றில் சோபாவில் கழுத்து புதைய, கால் நீட்டிச் சரிந்து கிடப்பார். 23 வருடம் கழித்து அந்தக் கிடையை நாடே பகிர்ந்து சிரித்தது. கேட்காமல் விளம்பரத்துக்கு எடுத்தாண்ட நிறுவனம் நீதிமன்றத்தில் 75,000 யுவான் கட்ட நேர்ந்தது. கிடப்புக்கும் விலை உண்டு, பாருங்கள்!

இனி எதிரணியின் படத்துக்கே வருகிறேன். மகளுக்குப் பிரசவம். பட்டினி கிடந்த டாக்டருக்கு ஃபூகுய், அதாவது கெ யோ, ஆவியில் வெந்த ஏழு பன் வாங்கித் தருகிறார். டாக்டர் ஏழு பன்னையும் விழுங்கித் தண்ணீரும் குடிக்கிறார். வயிறு உப்பி எழ முடியவில்லை. அதுவரை சிரிப்புக் காட்சி. உள்ளே மகளுக்கு ரத்தம் நிற்கவில்லை. வைத்தியம் தெரிந்தவர் அவர் ஒருவர்தான். முன்பாதியில் நம்மைச் சிரிக்கவைக்காத நடிகர் கையில் அந்த ஏழு பன் என்ன செய்யும், எதிரணி நண்பரே?