உறையின் பின்பக்கத்தில் ஒரு கணக்கு

நேயர்களுக்கு வணக்கம்.

பங்க் என்ற முரட்டு ராக் இசையின் பெயரைச் சொன்னதும் கிழிந்த சட்டை, அதில் குத்திய ஊக்கு, முள்ளாக நிற்கும் தலைமுடி எல்லாம் கண்முன் வரும். அதெல்லாம் துணிக்கடைச் சமாசாரம். பங்க் விட்டுச்சென்ற உருப்படியான சொத்து இசைத்தட்டு உறையின் பின்பக்கத்தில் இருக்கிறது: சொந்தமாகத் தட்டு போடும் செய்முறையும் செலவுக் கணக்கும். அதைப் பற்றித்தான் இன்றைக்குப் பேச்சு.

1977 ஜனவரியில் வெளிவந்த ஒரு ரசிகர் சிற்றிதழில் மூன்று கிட்டார் கார்டுகளின், அதாவது சேர்ந்தொலிக்கும் ஸ்வரக் கூட்டுகளின், படம் போட்டு, இது போதும், போய் ஒரு குழுவை ஆரம்பி என்று எழுதியிருந்தார்கள். இதழின் பெயர் சைடுபர்ன்ஸ். பலரும் இதை ஸ்னிஃபின் க்ளூ இதழில் வந்ததாகவே சொல்லிக்கொண்டிருக்கிறார்கள், அது தவறு. ஏ, இ, ஜி மூன்றையும் ஒரு வாரத்தில் யாரும் கற்றுக்கொள்ளலாம். ஆனால் வாசித்ததைத் தட்டாக்கிக் கடையில் வைப்பது எப்படி? அந்த வித்தை கம்பெனிக்காரர்கள் கையில் இருந்தது. 1976 அக்டோபரில் டாம்ன்ட் குழுவின் முதல் தட்டை ஸ்டிஃப் வெளியிட்டது. நவம்பரில் செக்ஸ் பிஸ்டல்ஸின் முதல் தட்டை இஎம்ஐ வெளியிட்டது. ஒன்று சிறிய கம்பெனி, ஒன்று பெரியது, இரண்டும் லண்டன்.

மான்செஸ்டரில் பஸ்காக்ஸ் என்றொரு குழு. பாடகர் ஹோவர்ட் டெவோட்டோ, கிட்டார் பீட் ஷெல்லி, பேஸ் கிட்டார் ஸ்டீவ் டிகிள், டிரம்ஸ் ஜான் மாஹர். ஷெல்லியின் அப்பாவிடமும் நண்பர்களிடமும் கடன் வாங்கி 500 பவுண்டு சேர்த்தார்கள். 1976 டிசம்பர் 28-ம் தேதி மான்செஸ்டரின் இண்டிகோ ஸ்டூடியோவில் நான்கு பாட்டுகளைப் பதிவு செய்தார்கள். தயாரிப்பாளர் மார்ட்டின் ஹானெட், உறையில் மார்ட்டின் ஜீரோ என்று பெயர் போட்டுக்கொண்டவர். பின்னாளில் ஜாய் டிவிஷன் குழுவின் ஒலியை வடிவமைத்தவரும் இவரே. பதிவு, கலவை எல்லாம் ஒரே நாளில் முடிந்தது. நியூ ஹார்மோன்ஸ் என்று தங்களுக்கே ஒரு லேபிள், அதாவது தட்டு வெளியிடும் நிறுவனம், வைத்து, 1977 ஜனவரி 29-ல் 'ஸ்பைரல் ஸ்கிராட்ச்' தட்டை வெளியிட்டார்கள். அடித்தது 1000 பிரதி. 500 பவுண்டை 1000-ஆல் வகுத்தால் தட்டு ஒன்றுக்கு அடக்கவிலை 50 பென்ஸ்.

உறைப் படம் போலராய்டு கேமராவில் எடுத்தது. மேலாளர் ரிச்சர்ட் பூன், பிக்காடிலியில் ராபர்ட் பீல் சிலையடியில் குழுவை நிறுத்தி எடுத்தார். ஃபிலிம் கழுவ வேண்டாம், பிரின்ட் போட வேண்டாம். இப்போது உறையைத் திருப்பிப் பாருங்கள். ஒவ்வொரு பாட்டுக்கும் எதிரே எத்தனையாவது டேக் (எத்தனையாவது தடவை வாசித்தது), மேலே என்ன சேர்த்தது என்று எழுதியிருக்கும். ஒரு பாட்டு மூன்றாவது டேக், மேற்சேர்க்கை ஏதுமில்லை. மற்ற மூன்றும் முதல் டேக், மேலே கிட்டார் மட்டும் சேர்த்தது. அதாவது நால்வரும் ஒன்றாக நின்று வாசித்திருக்கிறார்கள். டேப்பில் மீதமிருந்த தடத்தில் இன்னொரு கிட்டாரை ஏற்றியிருக்கிறார்கள். அவ்வளவுதான். அப்படி ஏற்றியதில் ஒன்று, சலிப்பைப் பற்றிய பாட்டில் வரும் கிட்டார் தனி. இரண்டே ஸ்வரம், 66 தடவை. அன்றைய ராக் கிட்டார் வித்வான்களை இதைவிடச் சுருக்கமாக யாரும் கிண்டல் செய்ததில்லை என்பது என் அபிப்பிராயம்.

இவர்கள்தான் உலகில் முதலில் என்று சொல்ல முடியாது. ஆஸ்திரேலியாவின் பிரிஸ்பேன் நகரத்து செயின்ட்ஸ் குழு 1976 செப்டம்பரிலேயே சொந்த லேபிளில் 500 தட்டு அடித்துவிட்டது. ஆனால் செய்முறையை வெளியே காட்டிய விஷயத்தில் பஸ்காக்ஸ் போட்ட பாதை வேறு.

ஸ்டூடியோவுக்கும் கடைக்கும் நடுவில் என்ன நடக்கிறது என்பதையும் பார்த்துவிடலாம். டேப் முதலில் கட்டிங் அறைக்குப் போகும். அலுமினியத் தகட்டின் மேல் பூசிய மெல்லிய அரக்கில், சூடேற்றிய ஊசி பள்ளம் வெட்டும். நிமிடத்துக்கு 45 சுற்று வேகத்தில் சுற்றும் 7 அங்குலத் தட்டில் ஒரு பக்கம் நான்கு நிமிடம் வரை ஒலி கனமாக நிற்கும். அதைத் தாண்டினால் பள்ளங்களை நெருக்கி வெட்ட வேண்டும், ஒலியளவைக் குறைக்க வேண்டும். 'ஸ்பைரல் ஸ்கிராட்ச்' பக்கத்துக்கு இரண்டு பாட்டு, சுமார் ஐந்து நிமிடம். அங்கே கொஞ்சம் விட்டுக்கொடுத்துத்தான் ஆக வேண்டும். பேஸ் எனும் தாழ்ந்த ஒலி இடது வலது சேனல்களில் எதிரெதிர் கட்டத்தில், ஒன்று ஏறும்போது மற்றது இறங்கும்படி, இருந்தால் பள்ளத்தின் ஆழம் ஏறி இறங்கும், வீட்டு ரெக்கார்டு பிளேயரில் ஊசி துள்ளும். ஆகவே பேஸை நடுவில் வை என்பார்கள். பாடகரின் 'ஸ்', 'ஷ்' ஒலிகள் தட்டின் உட்பக்கத்தில் கரகரக்கும். அதனால் ஆரவாரமான பாட்டை வெளிவிளிம்பில் போடுவது நல்லது.

அரக்குத் தட்டை நாட்கணக்கில் போட்டு வைக்கக் கூடாது. பள்ளம் தளர்ந்து மேல் ஸ்தாயி மங்கிவிடும். உடனே வெள்ளி பூசி, நிக்கல் படிய வைத்து உரித்தெடுத்தால், பள்ளமெல்லாம் மேடாக இருக்கும் எதிர்ப்படிவம் கிடைக்கும். அதையே அச்சாக வைத்து அழுத்தினால் செலவு குறையும்; ஆனால் அது பழுதானால் மறுபடி முதலிலிருந்து வெட்ட வேண்டும். அதிலிருந்து ஒரு நேர்ப்படிவம் எடுத்து, அதிலிருந்து அச்சு எடுத்தால் செலவு கூடும், பயம் இல்லை. ஓர் அச்சு ஏறக்குறைய ஆயிரம் தட்டுக்குத் தாங்கும். பிறகு பிவிசி பிளாஸ்டிக் உருண்டையைச் சுமார் 150 டிகிரியில் அழுத்துவார்கள். துளை மையம் தவறினால் சுருதி அலையும். ஆறும் முன் உறையில் திணித்தால் தட்டு வளையும். முழு ஓட்டத்துக்கு முன் வரும் சோதனைப் பிரதியை ஆறேழு தரம், வெவ்வேறு பிளேயரில் கேட்கச் சொல்வது இதற்காகத்தான்.

அந்த 1000 பிரதிகளும் சீக்கிரமே தீர்ந்தன. மறுபடி மறுபடி அடித்து 16,000 வரை போயிற்று. அடுத்து வந்தவர்கள் கணக்கையே திறந்து வைத்தார்கள். லண்டனின் டெஸ்பரேட் பைசிக்கிள்ஸ் குழு 1977-ல் டால்ஸ்டனில் மூன்று மணி நேரம் ஸ்டூடியோ எடுத்து முதல் தட்டைப் போட்டது. மொத்தச் செலவு 153 பவுண்டு என்று அடுத்த தட்டின் உறையில் அச்சிட்டு, நீங்கள் ஏன் இன்னும் போடவில்லை என்று வாங்குபவரையே கேட்டது.

1978-ல் ஸ்கிரிட்டி பொலிட்டி குழு இன்னும் ஒரு படி மேலே போனது. கேம்பிரிட்ஜ் ஸ்பேஸ்வார்ட் ஸ்டூடியோவில் 14 மணி நேரம் 98 பவுண்டு, கட்டிங் 40 பவுண்டு, 2500 பிரதி அழுத்த தலா 13 பென்ஸ், தட்டின் நடுவில் ஒட்டும் லேபிளுக்கு ரப்பர் ஸ்டாம்ப் வகையில் 8 பவுண்டு. வெற்றுக் காகித லேபிளில் ஸ்டாம்ப் குத்தினால் அச்சுக்கூலி மிச்சம். இந்த வரவு செலவோடு அழுத்தும் ஆலையின் முகவரியும் உறையில் இருந்தது.

பங்கை ஒட்டி வந்த இசைக்கு நியூ வேவ் என்ற பெயர் இதே காலத்தில் பரவியது. அமெரிக்காவில் டாக்கிங் ஹெட்ஸ் போன்ற குழுக்களை வைத்திருந்த சயர் கம்பெனிக்குப் பங்க் என்ற சொல் விற்பனைக்கு இடைஞ்சலாகப்பட்டது; இந்தப் பெயரை அது தூக்கிப்பிடித்தது. 'ஸ்பைரல் ஸ்கிராட்ச்' வெளிவந்த கையோடு டெவோட்டோ பஸ்காக்ஸிலிருந்து விலகி, கீபோர்டு சேர்த்து மேகசின் குழுவைத் தொடங்கினார். மீதிப் பேர் 1977 ஆகஸ்டில் யுனைடெட் ஆர்டிஸ்ட்ஸ் கம்பெனியில் கையெழுத்திட்டார்கள். சொந்தமாகத் தட்டு போட்டவர்கள் கம்பெனிக்கே போனதைத் துரோகம் என்று திட்டுபவர்கள் உண்டு. எனக்கு அப்படித் தோன்றவில்லை. ஆயிரம் தட்டை மூட்டை கட்டித் தபாலில் அனுப்பலாம். லட்சம் தட்டை அனுப்ப முடியாது.

அங்கேதான் சிக்கலும். லண்டனில் ஜெஃப் டிராவிஸ் 1976-ல் திறந்த ரஃப் டிரேட் கடை, வெளியூர்க் கடைகளைச் சேர்த்து கார்ட்டெல் என்ற விநியோக வலையைக் கட்டியது: லிவர்பூலில் புரோப், யார்க்கில் ரெட் ரைனோ, பிரிஸ்டலில் ரிவால்வர், நார்விச்சில் பேக்ஸ். 1980 ஜனவரியில் சுயேச்சைத் தட்டுகளுக்கென்றே தனி விற்பனைப் பட்டியலும் வந்தது. ஆனால் அழுத்தும் ஆலைக்குப் பணம் முதலில் கட்ட வேண்டும். கடைக்காரர் விற்றுவிட்டுத்தான் தருவார். ஆகவே ஒரு தட்டு நன்றாக ஓடத் தொடங்கும்போதுதான் கை இறுகும். அடுத்த பத்தாயிரத்துக்குப் பணம் வேண்டும், முதல் பத்தாயிரத்தின் பணம் இன்னும் வந்திருக்காது. ரெட் ரைனோ 1988-ல் விழுந்தது. ரஃப் டிரேட் விநியோகம் 1991-ல் மூடப்பட்டது. பல சிறிய லேபிள்களுக்கு வரவேண்டிய பாக்கியும் அதில் சிக்கிக்கொண்டது.

வணக்கம்.