மீர் நிலையமும் அதன் சரக்குக் கப்பலும்

(திரையில்: இருளில் மெல்லச் சுழலும் மீர்)

வணக்கம். மீர் விண்வெளி நிலையம் என்றால் அதில் தங்கிய வீரர்களைப் பற்றித்தான் அதிகம் பேசுகிறோம். எனக்கு அந்தக் கதையில் மனதைத் தொடுவது புரோகிரஸ் என்ற ஆளில்லாச் சரக்குக் கப்பல்.

1986 பிப்ரவரி 20-இல் சோவியத் யூனியன் மீரின் மையப் பகுதியை ஏவியது. முதலில் ஓர் அறை கட்டிக் குடியேறி, அப்புறம் ஒவ்வொன்றாகச் சேர்ப்போமே, அப்படித்தான் அது வளர்ந்தது. கடைசி அறையான பிரிரோதா வந்தது 1996-இல்.

இத்தனை வருடமும் சோறு, தண்ணீர், எரிபொருள், வீட்டுக் கடிதங்கள் பெரும்பாலும் புரோகிரஸில்தான் வந்தன. அந்த உயரத்திலும் கொஞ்சம் காற்று உண்டு. அது இழுக்க இழுக்க நிலையம் கீழே இறங்கும். புரோகிரஸ் தன் எஞ்சினால் தள்ளி மறுபடி மேலே ஏற்றும். சரக்கு தீர்ந்ததும் அதில் குப்பையை அடைத்து அனுப்புவார்கள். வளிமண்டலத்தில் எரிந்துபோகும்.

(திரையில்: இணைப்பு வாசல், அருகில்)

1987-இல் குவாண்ட் என்ற அறை வந்து ஒட்டியது, ஆனால் இறுகவில்லை. நிலையத்தில் இருந்த வீரர்கள் ரொமானென்கோவும் லவேய்கினும் வெளியே போய்ப் பார்த்தால், நடுவில் ஒரு குப்பைப் பை! முன்பு வந்த புரோகிரஸில் குப்பை ஏற்றியபோது சிக்கிக்கொண்டது. கையால் இழுத்து எடுத்த பிறகே அறை பொருந்தியது.

1997 ஜூன் 25-இல் நடந்தது உயிர் போகிற விஷயம். ஒரு புரோகிரஸை நிலையத்துக்குள் இருந்தபடியே கையால் இயக்கி இணைக்கும் சோதனையில், அது ஸ்பெக்டர் அறையில் மோதி ஓட்டை போட்டது. காற்று கசிகிறது. கதவை மூடலாம் என்றால் வாசல் வழியே மின்கம்பிகள். அவற்றைக் கழற்றியும் வெட்டியும் அறையை அடைத்தார்கள். உள்ளே இருந்த மூவரும் பிழைத்தார்கள்.

சரி, வயதாகிப்போன 130 டன் எடையுள்ள நிலையத்தை எப்படி இறக்குவது? அதைவிடச் சிறிய சோவியத் விண்வெளி நிலையமான சல்யூட் 7, 1991-இல் கட்டுப்பாடின்றி விழுந்து, துண்டுகள் அர்ஜென்டினாவில் சிதறின. அதனால் 2001 ஜனவரியில் கூடுதல் எரிபொருளோடு இன்னொரு புரோகிரஸ் போனது. மார்ச் 23 அன்று அதன் எஞ்சினை மூன்று முறை இயக்கி வேகத்தைக் குறைத்தார்கள். எரியாமல் மிஞ்சியவை தென் பசிபிக்கில் விழுந்தன.

(திரையில்: ஃபிஜி வானத்தில் நெருப்புக் கீற்றுகள்)

அந்தப் புரோகிரஸ் கடைசிவரை மீரை விட்டுப் பிரியவில்லை. சேர்ந்தே எரிந்தது.