ஜானி கிரீன்வுட்: ராக் மேடையிலிருந்து பின்னணி இசைக்கு

(காட்சி: பெரம்பூரில் ஒரு மாடியறை. கிதார், ஆம்ப்ளிஃபயர், பாதி திறந்த ஜன்னல்.)

பெரம்பூரிலும் வியாசர்பாடியிலும் இசைக்குழு வைத்திருக்கும் இளைஞர்கள் பலருக்கு, சினிமாவுக்குப் போவதென்றால் பாட்டுக்கு மெட்டுப் போடுவது என்றே பொருள். ரேடியோஹெட் என்ற பிரிட்டிஷ் ராக் குழுவின் கிதார் கலைஞர் ஜானி கிரீன்வுட் சென்ற வழி வேறு. 1971இல் ஆக்ஸ்ஃபோர்டில் பிறந்து, சிறுவயதில் வயலினைவிடச் சற்றுப் பெரிய வயோலா பயின்ற அவர், பல இடங்களில் மெட்டையே கைவிட்ட பின்னணி இசையை எழுதிப் பெயர் பெற்றார்.

2003இல் வந்த 'பாடிசாங்' ஆவணப்படமே தொடக்கம். மறு ஆண்டு பிபிசி கான்சர்ட் ஆர்கெஸ்ட்ரா என்ற பெரிய வாத்தியக் குழு தனக்கென இசை எழுத அவரை அமர்த்தியது. அதன் விளைவாக 2005இல் அரங்கேறிய 'பாப்கார்ன் சூப்பர்ஹெட் ரிசீவர்' என்ற படைப்பைச் சற்று நின்று கேட்க வேண்டும்.

(ஒலி: சிற்றலை ரேடியோவின் இரைச்சல்.)

ஆர்கெஸ்ட்ராவில் வயலின் வரிசையில் அமர்ந்திருப்போர் வழக்கமாக ஒரே வரியைச் சேர்ந்து வாசிப்பார்கள். இந்தப் படைப்பிலோ வயலின் முதல் டபுள் பேஸ் வரை 34 கலைஞர்களுக்கும் தனித்தனி வரிகள் எழுதப்பட்டன. அடுத்தடுத்த சுரங்களை அத்தனை பேரும் ஒரே நேரத்தில் பிடிக்கும்போது, இன்ன சுரம் என்று சுட்டிக்காட்ட முடியாத, ரேடியோ இரைச்சலை ஒத்த ஒலித்திரள் எழுகிறது. போலந்து இசையமைப்பாளர் பெண்டெரெட்ஸ்கி, ஹிரோஷிமாவில் மாண்டோருக்கு அர்ப்பணித்த 52 கருவிகளுக்கான படைப்பே இதற்கு முன்னோடி. எலெக்ட்ரானிக் கருவியால் எளிதில் உண்டாக்கக்கூடிய இரைச்சலை மனிதக் கைகளிடம் ஒப்படைத்ததுதான், என் கணிப்பில், கிரீன்வுட்டின் உண்மையான சோதனை.

இதன் பகுதிகள் 2007இல் பால் தாமஸ் ஆண்டர்சன் இயக்கிய 'தேர் வில் பி பிளட்' படத்தில் இடம்பெற்றன. வசனமே இல்லாத அதன் தொடக்கத்தில், வறண்ட குன்றுகளின் மேல் அந்த ஒலித்திரள் எழுந்து மெல்லச் சரிந்து குவிகிறது. காட்சியில் எந்த ஆபத்தும் தென்படாதபோதே நமக்கு அச்சம் பிறந்துவிடுகிறது. எண்ணெய்க் கிணறு தீப்பற்றும் காட்சிக்கு, 'பாடிசாங்' படத்துக்காக எழுதிய தாள இசையையே மீண்டும் பயன்படுத்தினார்கள். கணக்குகள் ஒன்றோடொன்று மோதும் அந்தத் தாளம், கானாப் பாட்டின் டோலக்கைக் கேட்டு வளர்ந்த வடசென்னைச் செவிக்கு அந்நியமாக இராது.

முன்பே எழுதிய இசை கலந்திருந்ததால் அந்தப் படத்தின் இசை ஆஸ்கர் போட்டிக்குத் தகுதி பெறவில்லை. விதி விதிதான்; எனினும் படத்தைப் பார்த்தவர்களுக்கு அது பெரிய இழப்பாகத் தெரிந்திருக்காது. பின்னர் 2017இன் 'பேண்டம் திரெட்' படத்துக்காக அவர் ஆஸ்கருக்குப் பரிந்துரைக்கப்பட்டார்.

2021இல் 'தி பவர் ஆஃப் தி டாக்' படத்துக்கு இசை எழுதியபோது, பெருந்தொற்றுக் கட்டுப்பாடுகளால் ஆர்கெஸ்ட்ராவைக் கூட்ட முடியவில்லை. ஆகவே வயலின் குடும்பத்துப் பெரிய கருவியான செல்லோவைத் தாமே எடுத்து, சில இடங்களில் வில்லை விட்டு, பாஞ்சோ என்ற அமெரிக்க நாட்டுப்புற நரம்புக் கருவியைப் போல விரலால் மீட்டி, ஒன்றன்மேல் ஒன்றாகப் பதிவு செய்தார். முன்பு 34 பேரிடம் பிரித்துக் கொடுத்த வேலையை, இம்முறை ஒருவரே அடுக்கடுக்காகச் செய்து முடித்தார்.