பாறையை மேயும் நத்தை

நேயர்களுக்கு வணக்கம். இங்கிலாந்தின் தென்மேற்கு மூலையில் கார்ன்வால் என்றொரு கடற்கரை. கடல் வற்றிய நேரத்தில் போனால், எலுமிச்சம்பழத்தைப் பாதியாய் அரிந்து கவிழ்த்ததுபோல் பாறையெங்கும் சின்னக் கூம்புகள் அப்பியிருக்கும். பெயர் லிம்பெட். பார்க்கச் சிப்பிதான், உறவுமுறையில் நத்தை.

எதிர்பாராத நேரத்தில் பக்கவாட்டில் ஓங்கி ஒரு தட்டு தட்டினால் கழன்றுவிடும். முதல் தட்டு மெதுவாகப் பட்டு அது உஷாராகிவிட்டதோ, போச்சு. கத்தியை விட்டு நெம்பினாலும் ஓடுதான் உடையும். எனக்கு அந்த முதல் தட்டு ஒருநாளும் சரியாக விழுந்ததில்லை.

தண்ணீர் ஏறியிருக்கும்போதோ இரவின் ஈரத்திலோ பாறைமேல் படர்ந்த பாசியை மேயக் கிளம்பும். முடித்ததும், போன வழியில் விட்ட பிசினைத் தடம்பிடித்துப் பழைய இடத்துக்கே வந்து உட்காரும். பக்கத்தில் எவ்வளவு இடம் காலியாகக் கிடந்தாலும் சரி. அதன் ஓட்டு விளிம்பு அந்த ஒரே இடத்தின் மேடுபள்ளத்துக்கேற்ப வளர்ந்திருக்கிறதே! பாறை மென்மையானதென்றால் பாறையே தேய்ந்து கொடுத்துவிடும். பானையில் மூடி படிவதுபோல் படிந்தால்தான், மறுபடி கடல் ஏறும்வரை உள்ளே ஈரம் தங்கும்.

மேய்வது நாக்கால். ஓட்டைவிட நீளமான நாக்கு, அதில் தேங்காய்த் துருவிபோல் வரிசை வரிசையாகப் பற்கள். ஒரு பல் 1 மில்லிமீட்டர்கூட வராது. 2015இல் போர்ட்ஸ்மவுத் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் இழுத்துச் சோதித்ததில், உறுதிக்குப் பேர்போன சிலந்தி நூலையே அது மிஞ்சிவிட்டது. உள்ளே நார்நாராக இருப்பது கோதைட் என்னும் இரும்புத் தாது. துருவில் இருக்கிறதே, அதே சரக்கு!

இந்தப் பல் என்ன வேலை செய்கிறது என்பது 1967 மார்ச்சில் தெரிந்தது. டோரி கேன்யன் என்ற எண்ணெய்க் கப்பல் கார்ன்வால் அருகே பாறையில் மோதி, ஒரு லட்சம் டன்னுக்கு மேல் கச்சா எண்ணெயோடு உடைந்தது. கரையில் ஒதுங்கிய எண்ணெயைக் கரைக்க ரசாயனத்தைக் கொட்டினார்கள். எண்ணெயைவிட அந்த மருந்துதான் லிம்பெட்களைக் கொன்றது. மேய ஆளில்லாத பாறைகள் சில மாதங்களில் பச்சைப் பசேலென்று ஆயின. அப்புறம் பழுப்புக் கடற்பாசி காடாக மண்டியது. அந்தக் காட்டுக்குள் புதிதாக வந்த லிம்பெட் குஞ்சுகள் ஏகத்துக்குப் பெருகி, பாசியை மொட்டையடித்தன. தீனி தீர்ந்ததும், வீடு திரும்பும் பழக்கத்தையே விட்டுவிட்டு, வரிசை வரிசையாகப் பாறைகளைக் கடந்து இரை தேடிப் போயின. அந்தக் கரை பழையபடி ஆகப் பத்துப் பதினைந்து வருஷம் பிடித்தது.