கிழமை இல்லாத நாள்

அவையோருக்கு வணக்கம்.

மாய உலகக் கதைகள் எழுதும் இளையவர்கள் இங்கே நிறையப் பேர் இருக்கிறீர்கள். இத்தகைய கதைகளை நான் ஆசையோடு தேடிப் படிப்பவன். பலவற்றில் வரைபடம் இருக்கிறது, அரச வம்சாவளி இருக்கிறது, சிலவற்றில் தனி மொழியே இருக்கிறது. காலண்டரில் மட்டும் கை சலித்துவிடுகிறது. பதின்மூன்று மாதம், இரண்டு நிலா, வாயில் நுழையாத பெயர்கள், அதோடு சரி. அந்த ஊரில் கடன் வாங்கியவன் எந்தத் தேதிக்குள் திருப்பித் தர வேண்டும்? எந்த மாதத்தில் கல்யாணம் வைக்க மாட்டார்கள்? கதை முழுக்கத் தேடினாலும் பதில் கிடைப்பதில்லை. ஒரு காலண்டரைப் பார்த்தால் அதைப் புழங்கும் ஜனங்களின் குணம் தெரிய வேண்டும். இன்று நான் சொல்ல வந்தது அதைத்தான்.

டோல்கீன் எழுதிய ‘தி லார்ட் ஆஃப் த ரிங்ஸ்’ நாவலின் மூன்றாம் தொகுதி 1955இல் வெளிவந்தது. அதன் பின்னிணைப்புகளில் ஒன்று முழுக்க முழுக்கக் காலண்டர்களைப் பற்றியது. கதை முடிந்ததும் பலர் புத்தகத்தை மூடிவிடுவார்கள். தயவுசெய்து மூடாதீர்கள், அந்தச் சில பக்கங்களையும் படியுங்கள்.

அந்தக் கதையில் ஷயர் என்ற நாட்டில் ஹாபிட்டுகள் என்ற குள்ள மனிதர்கள் வாழ்கிறார்கள். உழவு, தோட்டம், விருந்து, சொந்தபந்தம், இவைதான் அவர்கள் உலகம். அவர்களுக்குப் பன்னிரண்டு மாதம். எல்லா மாதத்துக்கும் முப்பதே நாள். ஆக 360. மிச்சம் ஐந்து நாளை என்ன செய்வது? அவற்றை எந்த மாதத்திலும் சேர்க்கவில்லை. குளிர்காலத்தில் ஆண்டின் கடைசி நாளும் புத்தாண்டின் முதல் நாளுமாக இரண்டு, நடுக்கோடையில் மூன்று, லீப் வருடத்தில் அங்கேயே இன்னும் ஒன்று. எல்லாமே பண்டிகை நாட்கள். கணக்கில் மிஞ்சியதை எல்லாம் கொண்டாட்டத்துக்கு ஒதுக்கிவிட்டார்கள் என்றால், அந்த ஜனங்கள் எப்படிப்பட்டவர்கள் என்று தனியாகச் சொல்ல வேண்டுமா?

மாதப் பெயர்களையும் பாருங்கள். பழைய இங்கிலாந்தின் மாதப் பெயர்களைப் பீட் என்ற துறவி 725இல் பதிவு செய்தார். நம் மே மாதத்துக்கு அன்று இருந்த பெயருக்கு, பசுக்களை நாளைக்கு மூன்று வேளை கறக்கும் மாதம் என்று காரணம் சொல்கிறார். டோல்கீன் அந்தப் பெயர்களைத் தேய்த்து, ஹாபிட்டுகளின் நாக்குக்கு ஏற்றபடி ஆக்கிக்கொண்டார். தொழுவத்திலிருந்து வந்த பெயர் அது.

இனிதான் முக்கியமான இடம். 365 நாள் என்பது 52 வாரமும் ஒரு நாளும். அந்த ஒரு நாளால் தேதிக்குரிய கிழமை வருடா வருடம் நகர்கிறது. ஹாபிட்டுகளுக்கு இது பிடிக்கவில்லை. இரண்டாம் ஐசன்கிரிம் என்ற தலைவர் காலத்தில் ஒரு சீர்திருத்தம் செய்தார்கள்: ஆண்டின் நட்டநடு நாளுக்குக் கிழமையே கிடையாது. லீப் நாளுக்கும் கிடையாது. அன்று திங்களும் இல்லை, செவ்வாயும் இல்லை, பண்டிகை, அவ்வளவுதான். அதன்பின் ஒரு தேதிக்கு எந்த வருடமும் ஒரே கிழமைதான். கடிதத்தில் கிழமை எழுதும் பழக்கமே போய்விட்டது. ஊர் எல்லை தாண்டிப் பயணம் போகிறவர்களுக்குத்தான் சங்கடம்.

இந்த ஏற்பாட்டில் ஆண்டு எப்போதும் வாரத்தின் முதல் நாளான சனிக்கிழமையில் பிறக்கும், எந்த மாதமும் வெள்ளிக்கிழமை பிறக்காது. காகிதம் எடுத்துப் போட்டுப் பாருங்கள், கணக்கு உதைக்காது. அதனால், நடக்கவே நடக்காத காரியத்தை ‘முதல் தேதி வெள்ளிக்கிழமை நடக்கும்’ என்று சொல்வது ஷயரில் வேடிக்கைப் பேச்சாகிவிட்டது. ஒரு கணக்கு, ஜனங்களின் வாய்ப்பேச்சுவரை இறங்கிவிட்டது பாருங்கள். நான் இந்த இடத்தில் படிப்பதை நிறுத்திவிட்டு வெகுநேரம் வியந்திருக்கிறேன்.

இதே யோசனை நம் உலகத்திலும் வந்தது. எலிசபெத் அகெலிஸ் என்ற அமெரிக்கப் பெண்மணி 1930இல் ‘உலகக் காலண்டர்’ இயக்கத்தைத் தொடங்கினார். அதிலும் ஆண்டின் கடைசி நாளுக்குக் கிழமை கிடையாது. ஐக்கிய நாடுகள் சபையில் அதை வலியுறுத்திய நாடு எது தெரியுமா? இந்தியா. நம் காலண்டர் சீர்திருத்தக் குழுவின் தலைவர், வானியற்பியல் அறிஞர் மேக்நாத் சாஹா, 1954இல் ஜெனீவாவில் அதற்காக வாதாடினார். பலிக்கவில்லை. காரணம், யூதர்களுக்கு ஏழாம் நாளான சனிக்கிழமை ஓய்வு நாள். கிழமை இல்லாமல் ஒரு நாள் போனால், அவர்களுடைய ஏழாம் நாள் புதிய காலண்டரின் வெள்ளிக்கிழமையில் வந்து விழும். அடுத்து வியாழனுக்குப் போகும். கிறிஸ்தவர்களிலும் பலர் எதிர்த்தார்கள். மத உணர்வைச் சுட்டிக்காட்டி அமெரிக்கா 1955இல் மறுத்தது. மறுவருடம் சபை அந்தப் பேச்சையே கைவிட்டது.

சாஹாவால் முடியாதது ஹாபிட்டுகளால் எப்படி முடிந்தது? ஷயரில் கோயில் இல்லை, பூசாரி இல்லை, வாராந்தர வழிபாடு இல்லை. அவர்கள் வாரத்தின் பெரிய நாள் கடைசி நாள்தான். மதியத்துக்கு மேல் விடுமுறை, மாலையில் விருந்து. விருந்து ஒரு நாள் தள்ளிப்போனால் யாருக்கும் பாவம் இல்லை. அந்த நாட்டில் அமைப்பாகத் திரண்ட மதம் இல்லை என்ற பெரிய செய்தியை இந்தச் சிறிய சீர்திருத்தம் தாங்கி நிற்கிறது. உங்கள் உலகில் தெய்வங்கள் உண்டென்றால், உங்கள் காலண்டரில் யார் கை வைக்க முடியும், யார் தடுப்பார்கள் என்று முதலில் யோசியுங்கள். அந்தச் சண்டையே உங்களுக்கு ஒரு நாவல் தரும்.

அதே உலகத்தில் வாழும் எல்ஃபுகள் என்ற இனத்தாருக்கு மூப்பால் சாவு கிடையாது. அவர்கள் 144 வருடத்தை ஓர் அலகாக எண்ணுகிறார்கள். ஆயுள் மாறினால் அளவுகோலும் மாறத்தானே வேண்டும்.

காலண்டரை வகுத்துவிட்டால் அதற்கு நீங்களும் கட்டுப்பட வேண்டும். 1944 மே மாதம் டோல்கீன் தம் மகனுக்கு எழுதிய கடிதம் இருக்கிறது. கதையின் முக்கியமான நாட்களில் நிலா ஓரிடத்தில் உதிக்கும்போதே இன்னோரிடத்தில் மறைவதாக எழுதிவிட்டதைக் கண்டுபிடித்திருக்கிறார். முந்தைய அத்தியாயங்களை எடுத்துத் திருத்தி எழுத ஒரு பிற்பகல் முழுக்கப் போயிற்று என்கிறார். ஒரு நிலாவுக்கே அந்தப் பாடு. உங்களில் இரண்டு நிலா வைத்திருப்பவர்கள் இன்றைக்கே ஒரு தாளில் கோடு போட்டு, இரண்டின் வளர்பிறை தேய்பிறையையும் அத்தியாயம் அத்தியாயமாகக் குறித்துக்கொள்ளுங்கள்.